எழுவான் வெளிச்சம், படுவான் நிழல்

காலை ஐந்தே முக்காலுக்குக் கல்லடிப் பழைய பாலத்தில் போய் நின்றால் ஊரே கறுப்பு வெள்ளைதான். அழகுக்காகச் சொல்லவில்லை, கண் அப்படித்தான் காட்டும். சூரியன் நாவலடிப் பக்கக் கடலிலிருந்து இன்னும் எழும்பியிருக்காது. வானம் மெல்ல வெளிறிக்கொண்டு வரும். கீழே ஆறு, வானத்தைவிட ஒரு பிடி மங்கலாகக் கிடக்கும். (வாவி என்பது புத்தகத்தில் எழுதுகிற சொல், எங்கள் வாய்க்கு அது ஆறுதான்.) பாலத்தின் இரும்புச் சட்டங்கள் மை தொட்டுக் கீறின மாதிரித் தெரியும். தண்ணீரில் நட்டிருக்கும் கட்டை ஒன்றில் நீர்க்காகம் சிறகை விரித்துக் காயவைத்துக்கொண்டிருக்கும். நாலு கட்டை தள்ளி ஒரு வெள்ளைக் கொக்கு.

நம் கண்ணில் நிறம் பிரிக்கிற அணுக்கள் வேறு, மங்கலில் பார்க்கிற அணுக்கள் வேறு. முதல் வகைக்கு நிறைய வெளிச்சம் வேண்டும். இரண்டாம் வகை கொஞ்ச வெளிச்சத்திலேயே எழும்பி வேலை செய்யும், ஆனால் அதற்கு இருளும் வெளிச்சமும்தான் தெரியும். சிவப்பு, பச்சை தெரியாது. ஆகவே ஒவ்வொரு நாளும் விடிகிறபோது எல்லோரும் ஒரு கால் மணித்தியாலம் கறுப்பு வெள்ளைப் படம் பார்க்கிறோம். தூக்கக் கலக்கத்தில் கவனிப்பதில்லை.

பிறகு நிறங்கள் வந்துவிடும். தூண்டில் போடுகிறவரின் சாரன் நீலமாகும். பாலத்துக்கு அந்தப் பக்கம் விளம்பரப் பலகைகள் ஒவ்வொன்றாகக் கத்தத் தொடங்கும்.

"மாமி, இப்ப எடுப்பமா?" என்று என் மருமகன் கேட்பான். அண்ணனின் மகன். இருபத்துமூன்று வயது. கையில் பழையதாக வாங்கின ஒரு கமரா, சட்டைப் பையில் போன்.

"இப்ப ஒண்டும் வேணாம். எடுக்க வேண்டியது முடிஞ்சுது," என்பேன். அவனுக்கு எரிச்சல் வரும்.

நாங்கள் இரண்டு பேரும் சேர்ந்து மட்டக்களப்பு நகரத்தைப் பற்றி ஒரு கறுப்பு வெள்ளைப் படம் எடுத்தோம். பதினாலு நிமிடம். கதை இல்லை, பின்னணிக் குரல் இல்லை. ஊரில் ஒரு நாள் விடிந்து பொழுதுபடுகிறது, அவ்வளவுதான். அந்தப் பதினாலு நிமிடத்துக்கு இரண்டு வருடம் பிடித்தது. ஏன் கலரில் எடுக்கவில்லை என்று கேட்காத ஆள் இல்லை. அதற்குத்தான் இந்தக் கட்டுரை.

என் அப்பா புளியந்தீவில் ஸ்டூடியோ வைத்திருந்தார். இப்போது அதே இடத்தில் நான் போட்டோக் கொப்பியும் லெமினேட்டிங்கும் செய்கிறேன்; நேரம் கிடைத்தால் கடவுச்சீட்டுக்குப் படம் எடுக்கிறேன். பதினைந்து வயதில் எனக்கு அங்கே கிடைத்த முதல் வேலை நெகடிவ் டச்சிங். நெகடிவைக் கண்ணாடிச் சாய்மேசையில் வைத்து, பின்னால் வெளிச்சம் விட்டு, ஊசி மாதிரிச் சீவின பென்சிலால் அம்மைத் தழும்பு, கண்ணுக்குக் கீழே கருமை எல்லாவற்றையும் நிரப்ப வேண்டும். நெகடிவில் எல்லாம் தலைகீழ். கருமையாக இருப்பது அங்கே வெளுப்பு. முகத்தில் எங்கே இருட்டோ அங்கே பென்சில் வைத்தால் படத்தில் அது வெளிச்சமாகும். இரண்டு வருடம் இதைச் செய்த பிறகு, எதிரே வருகிற மனிதரின் முகத்தில் மூக்கின் எந்தப் பக்கம் நிழல் விழுகிறது என்பதைத்தான் முதலில் பார்த்தேன். பெயர் பிறகுதான் ஞாபகம் வரும். இன்றைக்கும் அப்படித்தான்.

தொண்ணூறுக்குப் பிறகு அடையாள அட்டைப் படம்தான் எங்கள் சோறு. சோதனைச் சாவடி தாண்ட அட்டை வேண்டும், அட்டைக்குக் கறுப்பு வெள்ளைப் படம் வேண்டும். படுவான்கரையிலிருந்து ஆற்றைக் கடந்து வந்து, காலில் சேறு காயாமலேயே வாங்கில் வரிசையாக இருப்பார்கள். அப்பா ஒவ்வொருவரையும் ஜன்னல் பக்கம் முகத்தைத் திருப்பச் சொல்வார். அட்டைக்கு நேர்முகம்தான் வேண்டும், ஆனாலும் முதலில் ஜன்னலைப் பார்க்கச் சொல்லி, பிறகு கமராவைப் பார்க்கச் சொல்வார். வெளிச்சத்தைப் பார்த்துவிட்டுத் திரும்புகிற கண்ணில் ஒரு உயிர் இருக்கும் என்பது அவர் கணக்கு. அட்டையைப் பார்க்கப்போகிறவர் யார் என்பது அவருக்கும் தெரியும். அதற்காக முகத்தைச் சாவு முகமாக எடுக்கலாமா என்பார்.

இருட்டறையில் சிவப்பு லைட் எரியும். பலர் அதைச் சினிமாவில் பார்த்திருப்பார்கள், காரணம் தெரிந்திருக்காது. நாங்கள் பாவித்த ப்ரோமைட் பேப்பருக்குச் சிவப்பு தெரியாது. அதன் கண்ணுக்குச் சிவப்பு வெளிச்சமும் கும்மிருட்டும் ஒன்று. ஆகவே சிவப்பு லைட்டின் கீழே நாம் பார்த்து வேலை செய்யலாம், பேப்பர் கெடாது. ஆரம்பகாலப் பிலிம்களும் இப்படித்தான் சிவப்புக்குக் குருடு. ஊமைப்பட நடிகைகளின் உதடு கரிக்கோடு மாதிரித் தெரிவதற்கு அதுவும் ஒரு காரணம்.

நிறத்தை எடுத்துவிட்டால் சாம்பல்தான் மிஞ்சும் என்று நினைக்கிறோம். எந்த நிறம் எந்தச் சாம்பலாகும் என்பதில்தான் வித்தை. இப்போதைய கமராக்களிலும் போன்களிலும் ஒரு வழக்கமான கணக்கு இருக்கிறது. வெளிச்சத்தை நூறு பங்கு என்று வைத்தால் பச்சைக்கு ஏறத்தாழ 59, சிவப்புக்கு 30, நீலத்துக்கு 11. நம் கண்ணும் பச்சையைத்தான் பிரகாசமாகக் காணும் என்பதால் இந்தப் பங்கீடு. ஆகவே வாழையிலை வெளுக்கும்; குங்குமப் பொட்டு கறுக்கும்; நீலச் சாரன் கிட்டத்தட்டக் கரியாகும். பழைய ஆட்கள் இந்தக் கணக்கை மாற்ற லென்சுக்கு முன்னால் நிறக்கண்ணாடி போடுவார்கள். சிவப்புக் கண்ணாடி போட்டால் நீல வானம் இடி இறங்கப்போகிற மாதிரி இருண்டு, வெள்ளை மேகம் பஞ்சாகத் தள்ளிக்கொண்டு நிற்கும். அதே கண்ணாடியோடு முகத்தை எடுத்தால் நெற்றிப் பொட்டு மாயமாகிவிடும். அப்பா ஒருமுறை ஒரு கலியாணப் பெண்ணை வெளியில் வைத்து அப்படி எடுத்து, மாமியார்காரியிடம் வாங்கிக் கட்டிக்கொண்டார்.

அமிர்தகழிக்கு எங்கள் கடையிலிருந்து சைக்கிளில் கால் மணித்தியாலம் போதும். மாமாங்கேஸ்வரர் கோயில் இருக்கிற ஊர். ஆடி அமாவாசைக்குத் தீர்த்தமாட ஊர் ஊராக வந்து கூடும் இடம். அந்த அமிர்தகழியில் 1939 மே 20இல் பிறந்தவர்தான் பாலு மகேந்திரா. மெதடிஸ்த மத்திய கல்லூரியிலும் புனித மிக்கேல் கல்லூரியிலும் படித்த பையன். மாணவனாக இருந்தபோது கண்டிப் பக்கம் சுற்றுலா போன இடத்தில், 'த பிரிட்ஜ் ஆன் த ரிவர் க்வாய்' படத்துக்காக டேவிட் லீன் படப்பிடிப்பு நடத்திக்கொண்டிருந்ததைப் பார்த்திருக்கிறார். இயக்குநர் மழை என்று கத்த, மழை பெய்ததாம். அன்றே தானும் இயக்குநர் ஆவதென்று முடிவு செய்ததாகப் பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். மாரியில் மாதக்கணக்காக மழையில் நனைகிற ஊர்ப் பையனை இந்தச் செயற்கை மழை போய்ப் பிடித்துக்கொண்டதை நினைத்தால் எனக்கு எப்போதும் சிரிப்பு வரும்.

பிறகு பூனா திரைப்படக் கல்லூரி. 1969இல் ஒளிப்பதிவில் தங்கப் பதக்கம். அவர் முதலில் இயக்கியது தமிழ்ப் படம் இல்லை, கன்னடப் படம்: 'கோகிலா', 1977. கறுப்பு வெள்ளை. பெங்களூரில் ஒரு நடுத்தரக் குடும்பத்து வீடு, அங்கே வந்து தங்கும் ஒரு இளைஞன் என்று நாலு சுவருக்குள் நடக்கும் கதை. அந்த வருடத்துக்கான இந்தியத் தேசிய விருதுகளில் சிறந்த கறுப்பு வெள்ளை ஒளிப்பதிவு விருது அதற்குக் கிடைத்தது. கறுப்பு வெள்ளைக்கும் கலருக்கும் தனித்தனியே விருது கொடுத்த காலம் அது. 1982இல் வந்த 'மூன்றாம் பிறை'யின் ஒளிப்பதிவுக்கும் தேசிய விருது வாங்கினார், அது கலர். ஊட்டிப் பனியை எல்லோரும் புகழ்வார்கள். எனக்கு அவருடைய வேறு படம்தான் பெரிது.

'சந்தியா ராகம்', 1989. தூர்தர்ஷனுக்காக எடுத்தது. தமிழ்நாட்டில் கறுப்பு வெள்ளை ஏறக்குறைய ஓய்ந்துபோன பிறகு வந்த கறுப்பு வெள்ளைப் படம். கிராமத்தில் மனைவியைப் பறிகொடுத்த ஒரு கிழவர், சென்னையில் உறவுக்காரர் வீட்டுக்கு வந்து சேர்கிறார். அந்த வீட்டுக்காரர்களும் கஷ்டப்பட்டவர்கள். கெட்டவர் என்று படத்தில் யாரும் இல்லை. வீடுதான் சின்னது, வருமானம்தான் போதாது. கிழவராக நாடக மேடையில் ஊறிய சொக்கலிங்க பாகவதர். வீட்டுப் பெண்ணாக அர்ச்சனா. அவள் கணவராக ஓவியர் வீர சந்தானம். குடும்ப நலம் பற்றிய சிறந்த படம் என்று தேசிய விருது கொடுத்தார்கள். அந்தத் தலைப்பைக் கேட்டால் மருத்துவமனைச் சுவரொட்டி மாதிரித்தான் இருக்கிறது. படம் அப்படி இல்லை.

நான் அதை ஒரு பழைய வீடியோ கசெட்டில், கோடு கோடாக ஓடுகிற பிரதியில்தான் முதலில் பார்த்தேன். கதை பாதி விளங்கவில்லை, சத்தம் அவ்வளவு மோசம். ஆனால் வாசற்கதவால் வீட்டுக்குள் வருகிற வெளிச்சம் விளங்கியது. கிழவரின் முகத்தில் ஒரு பக்கம் மட்டும் அது விழும். மற்றப் பக்கத்தை இருட்டு வைத்துக்கொள்ளும். கன்னச் சுருக்கம் ஒவ்வொன்றும் தனித்தனியாக எண்ணலாம் போல இருக்கும். நான் பென்சிலால் மறைத்துக்கொண்டிருந்த அதே சுருக்கங்கள்! அன்றைக்கு இரவு அப்பாவிடம், இனி டச்சிங் செய்ய மனம் வரவில்லை என்று சொன்னேன். காசு தருகிறவனுக்கு மனம் வரும், நீ செய் என்றார். செய்தேன்.

'சந்தியா ராக'த்துக்கு ஒரு வருடம் முன்னால் வந்த 'வீடு' படத்திலும் இதே கண்தான், அது கலராக இருந்தாலும். சென்னையில் சொந்தமாக ஒரு வீடு கட்ட வேலைக்குப் போகிற ஒரு பெண் படும் பாடு. சீமேந்து மூட்டை, கம்பி, பாதிச் சுவர், அதில் மாறி மாறி விழுகிற வெயில். இருக்கிற வெளிச்சத்தை வைத்தே எடு என்பது பாலு மகேந்திராவின் பிடிவாதம். அந்தப் பிடிவாதத்துக்கு ஒரு முன்னோடியும் உண்டு. சத்யஜித் ராயின் 'அபராஜிதோ'வுக்கு, 1956இல், காசி வீட்டு முற்றத்தைக் கல்கத்தா ஸ்டூடியோவில் கட்டினார்கள். ஒளிப்பதிவாளர் சுப்ரதா மித்ரா முற்றத்துக்கு மேலே வெள்ளைத் துணியை இழுத்துக் கட்டி, லைட்டைக் கீழிருந்து அதில் பாய்ச்சி, துணியில் பட்டுத் திரும்புகிற வெளிச்சத்தில் படம் எடுத்தார். நிழல் இல்லாத, மேலிருந்து வடிகிற அந்த வெளிச்சம் முற்றம் வைத்த வீட்டில் வாழ்ந்தவர்களுக்குப் பழக்கமானது. எங்கள் அம்மம்மா வீட்டு நாற்சாரில் அரிசி புடைக்கிற நேரத்து வெளிச்சம் அதேதான்.

நகரத்தையே கதாநாயகன் ஆக்குகிற யோசனை இதைவிடப் பழையது. 1927இல் வால்டர் ருட்மன் பெர்லினின் ஒரு நாளை விடியலிலிருந்து இரவு வரை எடுத்தார். 1929இல் சீகா வெர்தோவ் சோவியத் நகரங்களில் கமராவோடு அலைகிற ஒரு மனிதனையே படமாக்கினார். எனக்குக் கிட்டியது அதே வருடம் வந்த இன்னொன்று: யோரிஸ் ஐவன்ஸ், ஒல்லாந்துக்காரர், ஆம்ஸ்டர்டாமில் எடுத்த 'மழை'. பன்னிரண்டு நிமிடம் மாதிரி. முதல் துளி, குடைகள், ட்ராம் கண்ணாடியில் வழிகிற நீர், மழை விட்ட தெரு. ஒரே மழை என்று நினைத்துப் பார்ப்போம். பல மாதங்களாக வெவ்வேறு மழைகளில் சேர்த்தது. எங்கள் கோட்டையை 1638இல் போர்த்துக்கேயரிடமிருந்து பிடித்தவர்கள் ஒல்லாந்தர். அவர்கள் ஊர்க்காரர் ஒருவரிடமிருந்து மட்டக்களப்பு கடன் வாங்க வேண்டியது ஏதாவது இருந்தால் இந்தப் பன்னிரண்டு நிமிடம்தான்.

இலங்கையிலும் ஆட்கள் இருந்தார்கள். லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ் 1956இல் 'ரேகாவ'வை ஸ்டூடியோவுக்கு வெளியே, கிராமத்து வெயிலில் எடுத்தார். தர்மசேன பத்திராஜ கொழும்பு இளைஞர்களை வைத்து 'அஹஸ் கவ்வ' எடுத்தார். பிறகு யாழ்ப்பாணத்தில் தமிழில் 'பொன்மணி'. எங்கள் பக்கத்துக்குத்தான் யாரும் வரவில்லை.

வந்தார்கள், பொய் சொல்லக்கூடாது. யுத்தம் என்று வந்தார்கள். 2004 டிசம்பருக்குப் பிறகு சுனாமி என்று வந்தார்கள். நல்ல கமராக்களோடு, நல்ல மனதோடும்தான். எடுத்ததில் பாதி கறுப்பு வெள்ளை. அழுகிற தாய், உடைந்த சுவர், கடலைப் பார்க்கிற பிள்ளை. அந்தப் படங்கள் தேவையில்லை என்று நான் சொல்லமாட்டேன். ஆனால் எங்கள் ஊர் என்றால் கறுப்பு வெள்ளை, கறுப்பு வெள்ளை என்றால் துக்கம் என்று ஒரு கணக்கு எப்படியோ விழுந்துவிட்டது. எங்களுக்கோ கறுப்பு வெள்ளை என்பது கலியாணப் படம், ஸ்கூல் குரூப் படம், முதல் பிறந்தநாள் படம். அந்தப் பழைய உரிமையைத் திருப்பி எடுக்க வேண்டும் என்றுதான் மருமகனைக் கூட்டிக்கொண்டு இறங்கினேன். தேத்தண்ணிக் கடையை எடுப்போம், தராசை எடுப்போம், பள்ளிக்கூடம் போகிற பிள்ளைகளை எடுப்போம்.

முதல் மாதம் எடுத்ததெல்லாம் குப்பை. பிழை என்னுடையது. பிலிம் காலத்தில் அப்பா சொல்லித் தந்த பாடம், நிழலைப் பார்த்து அளவு வை என்பது. நெகடிவில் நிழல் பதியாவிட்டால் எந்த வித்தை செய்தாலும் வராது; வெளிச்சம் கொஞ்சம் கூடினால் பிரிண்டில் இழுத்துக்கொள்ளலாம். நானும் அதே மாதிரித் தோணிக்காரரின் நிழல் முகத்துக்கு அளவு வைக்கச் சொன்னேன். டிஜிட்டலில் இது தலைகீழ் என்பது எனக்குத் தெரியாது. வீட்டுக்கு வந்து பார்த்தால் ஆறு முழுவதும் வெறும் வெள்ளைக் கடதாசி. அலை இல்லை, மினுக்கம் இல்லை, சுண்ணாம்பு அடித்த சுவர் மாதிரி. டிஜிட்டலில் வெளிச்சம் ஒருமுறை எரிந்தால் எரிந்ததுதான். நிழலைத்தான் பிறகு கொஞ்சம் தூக்கலாம்.

"நான் அப்பவே சொன்னன் மாமி, கேட்டீங்களா?" என்றான். சொல்லத்தான் செய்தான்.

இன்னொரு பிழை இரண்டு பேருக்கும் பொது. பச்சை பூசின நீண்ட மதிலோரம் ஒரு அம்மா சிவப்புச் சேலையில் நடந்து போனார். என்ன எடுப்பு! ஓடிப்போய் எடுத்தோம். கறுப்பு வெள்ளைக்கு மாற்றினால் சேலையும் மதிலும் ஒரே சாம்பல். ஒரு தலையும் இரண்டு கையும் காற்றில் மிதந்து போகின்றன. மதிலின் பச்சை கொஞ்சம் இருண்ட பச்சை, அதனால் வந்த வினை. அதற்குப் பிறகு மருமகன் கமராவின் திரையையே கறுப்பு வெள்ளையில் வைத்துக்கொண்டுதான் வெளியே இறங்குவான். போனிலும் அப்படி வைக்கலாம். வாசிக்கிறவர்களுக்கு நான் சொல்லக்கூடிய உருப்படியான ஒரு புத்தி இதுதான்: எடுத்துவிட்டு நிறத்தை உருவாதீர்கள், எடுக்கிறபோதே நிறம் இல்லாமல் பாருங்கள். பத்து நாளில் கண் பழகிவிடும்.

பழகின பிறகு ஊர் மாறிப்போயிற்று. காலை ஏழே காலுக்கு ரோட்டில் வெள்ளைச் சீருடை நிரம்பும். இத்தனை வருடமாக அதைப் பார்த்திருக்கிறேன், வெள்ளைக்குள் எத்தனை வெள்ளை என்று பார்த்ததில்லை. நீலம் போட்டுத் தோய்த்தது, போடாமல் பழுத்தது, அக்காவிடமிருந்து தங்கைக்கு வந்து மெலிந்து வெயில் ஊடுருவுவது. காத்தான்குடிப் பக்கமிருந்து வருகிற பஸ்ஸில் கறுப்பு அபாயாக்கள். அந்தக் கறுப்பிலும் துணிக்குத் துணி பளபளப்பு வேறு. சந்தையில் மீன் வெட்டுகிற கட்டையில் ஈரம், அதற்கு மேலே காகங்கள். தராசுத் தட்டில் ஒரு கூறு இறால் விழுகிறபோது தட்டு ஆடி, வெளிச்சம் கடைக்காரரின் நாடியில் ஒரு வெட்டு வெட்டிப் போகும். ஒரு செக்கனும் இல்லை. அதற்காக நாலு காலை சந்தையில் நின்றோம். ஐந்தாம் நாள் கிடைத்தது. கடைக்காரர் எங்களுக்குப் பயந்து விலையைக் குறைத்துச் சொல்லத் தொடங்கியிருந்தார்.

தேத்தண்ணிக் கடையை நான் கொஞ்சம் நின்று சொல்ல வேண்டும். பஸ் நிலையத்துக்குக் கிட்ட, நீளமாக, ரயில் பெட்டி மாதிரி ஒரு கடை. முன்வாசல் தெருவைப் பார்க்கும். பின்வாசல் ஒரு சின்ன முற்றத்துக்குத் திறக்கும், கிழக்குப் பக்கம். காலை எட்டு மணிக்கு வெயில் பின்வாசலால் உள்ளே வந்து நடுவழியில் நிற்கிற கேத்தல் வரைக்கும்தான் எட்டும். தேத்தண்ணி ஆத்துகிறவர் அந்த வெயிலுக்கும் எங்களுக்கும் நடுவில் நின்றார். மேல் கையிலிருந்து கீழ்க் கைக்குப் பிளேன்டீ இறங்குகிறது. கலரில் அது வெறும் சிவந்த தண்ணீர். சுவரில் நீலப் பூச்சு, கலண்டரில் சாமி, போத்தலில் பச்சை மிட்டாய் என்று கண் ஓடிவிடும். நிறம் போனதும் இறங்குகிற நூல் ஒன்றுதான் மிஞ்சியது. அதன் ஓரம் வெள்ளிக் கம்பி, நடு கறுப்பு. ஆவி எழும்புகிறது என்று சொல்வோம், அது எழும்புவதில்லை. முதலில் பக்கவாட்டில் ஒதுங்கி, ஆத்துகிறவரின் முழங்கையைச் சுற்றி, பிறகுதான் மேலே போகிறது. பின்னாலிருந்து வெளிச்சம் வந்தால் மட்டும் இது தெரியும். முன்னாலிருந்து லைட் அடித்தால் ஆவியே இருக்காது.

அவர் ஆத்தி முடித்துக் கோப்பையை வைத்துவிட்டுச் சொன்னார்: "இதப் போய்ப் படம் புடிக்கிறீங்களே தங்கச்சி, நான் முகம் கூடக் கழுவல்ல."

வெளிச்சத்தைப் பற்றிப் பேசுவதற்கு எங்கள் ஊரைவிடப் பொருத்தமான ஊர் இருக்கிறதா தெரியவில்லை. ஐம்பது கிலோமீற்றருக்கு மேல் நீண்டு கிடக்கிற இந்த ஆற்றின் கிழக்குக் கரைக்கு எழுவான்கரை என்று பெயர், மேற்குக் கரைக்குப் படுவான்கரை. சூரியன் எழுகிற கரை, படுகிற கரை. வேறு ஊர்களில் கரைக்கு ராசா பெயர் வைப்பார்கள், சாமி பெயர் வைப்பார்கள். இங்கே வெயில் எந்தப் பக்கம் என்பதுதான் விலாசம்.

படத்தின் முடிவைப் படுவான் பக்கம் எடுத்தோம். குருக்கள்மடத்திலிருந்து அம்பிளாந்துறைக்குப் பாதை ஓடுகிறது. வெளியூர் ஆட்களுக்குச் சொல்ல வேண்டும்: பாதை என்றால் இங்கே ரோட்டு இல்லை. மனிதரையும் மோட்டார் சைக்கிளையும் ஏற்றிக்கொண்டு ஆற்றைக் கடக்கிற தட்டையான மிதவைதான் பாதை. 2014இல் பாலம் திறக்கும்வரை மண்முனையிலும் அதுதான். பின்னேரம் ஐந்தரைக்கு ஏறினால் சூரியன் நேரே எதிரில். பாதையில் நிற்கிற எல்லோரும் கறுத்த உருவங்கள். வயலுக்குப் போய் வருகிற அண்ணன், தயிர்ச் சட்டிகளை அடுக்கிக் கட்டின சைக்கிள், ஒரு டீச்சர் அம்மா, அவர் குடை. முகம் ஒன்றும் தெரியாது. நிற்கிற நிலையை வைத்தே இது இன்னார் என்று மருமகன் ஒவ்வொருவராகச் சொன்னான். இடுப்பில் கை வைக்கிற விதம், தலையைச் சாய்க்கிற விதம். அடையாள அட்டைப் படத்துக்கு இதையெல்லாம் யார் கேட்டார்கள்?

மழையை மட்டும் எங்களால் ஒழுங்காக எடுக்க முடியவில்லை. இரண்டு மாரி போனது. முதல் மாரியில் ஆறு நிரம்பி, முகத்துவாரம் வெட்டுகிறார்கள் என்று கேள்விப்பட்டுக் கமராவோடு போனோம். மணல் திட்டை வெட்டிவிட, ஆற்று நீர் கடலுக்குள் திறந்து பாய்கிறது. பெரிய காட்சி. ஆனால் மழையில் லென்ஸ் பூத்துப்போய் எல்லாம் பஞ்சுமூட்டை. இரண்டாம் மாரியில் ஆசை குறைந்துவிட்டது; கடை வாசலில் நின்றபடியே எதிர்க்கடைத் தகரத்திலிருந்து வடிகிற நீரையும், அது நிலத்தில் தோண்டுகிற குழி வரிசையையும் எடுத்தோம். பின்னால் இருட்டான சுவர் இருந்ததால் துளி தெரிந்தது. வெளிறின வானத்தைப் பின்னால் வைத்து எடுத்தால் மழை தெரியாது. இதை முகத்துவாரத்திலேயே யோசித்திருக்கலாம்.

அப்பாவின் நெகடிவ்களில் அறுபது, எழுபதுகளில் எடுத்தது அநேகமாக ஒன்றும் இல்லை. 1978 நவம்பர் 23 சூறாவளி கூரையைக் கொண்டுபோனது. விடிந்து பார்த்தபோது பெட்டிக்குள் நெகடிவ்கள் ஒன்றோடொன்று ஒட்டி, பனங்கட்டிப் பாளம் மாதிரி இருந்தன. அப்பா ஒன்றைப் பிரிக்கப் பார்த்தார். யாரோ ஒருவரின் பாதி முகம் இன்னொருவரின் தோளோடு உரிந்து வந்தது. பெட்டியை மூடிவிட்டார். பாலு மகேந்திராவும் கடைசிக் காலத்தில், தன் படங்களின் நெகடிவ்கள் கெட்டுப்போனதைச் சொல்லி வருந்தினார். தமிழ்நாட்டில் ஒரு திரைப்பட ஆவணக் காப்பகம் வேண்டும் என்று கேட்டார். 2014 பெப்ரவரி 13இல் சென்னையில் இறந்தார். அதற்கு முந்திய வருடம்தான், எழுபத்துநாலு வயதில், டிஜிட்டல் கமராவில் 'தலைமுறைகள்' எடுத்து முடித்திருந்தார். எங்கள் பதினாலு நிமிடத்தை மருமகன் மூன்று இடத்தில் பிரதி எடுத்து வைத்திருக்கிறான். ஒன்று என் அலுமாரியில், சேலைக்குக் கீழே.

படத்தை ஒரு போயா நாள் இரவு, ஸ்டூடியோவுக்குப் பின்னால் இருக்கிற முற்றத்தில், வெள்ளைப் படுக்கை விரிப்பில் போட்டோம். நாற்பது பேர் மட்டில் வந்தார்கள். பாதிப் பேர் படத்தில் இருக்கிறவர்கள். தேத்தண்ணிக்காரர் தன் முகம் வருகிறபோது தலையைக் குனிந்துகொண்டார். சந்தைக்காரர் வரவில்லை, மகளை அனுப்பியிருந்தார்.

விளக்குப் போட்டதும் யாரும் ஒளிப்பதிவைப் பற்றிப் பேசவில்லை. தொடக்கத்தில் பாலத்துக்குக் கீழே போகிற தோணி என்ன நிறம் என்று ஒரு சண்டை தொடங்கியது. நீலம் என்றார் ஒருவர். அவர் அதைத் தினமும் பார்க்கிறாராம். இல்லை, பச்சை, விளிம்பு மட்டும் வெள்ளை என்றது ஒரு பிள்ளை. மண்சிவப்பு என்று அம்மா சத்தியம் செய்தார். தோணிக்காரர் பின்வரிசையில், வாங்கின் ஓரத்தில், வெற்றிலை போட்டுக்கொண்டிருந்தார். எல்லோரும் அவர் பக்கம் திரும்பினார்கள். அவர் எழும்பிப் போய் மதிலோரம் துப்பிவிட்டு வந்து இருந்தார்.

"அது எண்ட தோணி இல்ல புள்ள," என்றார். "எண்டது அண்டைக்குக் கரையில கவுத்து வெச்சிருந்த. பெயிண்ட் காய."